எக்ஸ்பார்ட்டி ஆன ஜீவனாம்ச வழக்கு

தனக்கு எதிராக ஜீவனாம்ச உத்தரவு போடப்பட்டிருக்கிறது என்ற சேதி பல ஆண்களுக்குக் கோர்ட்டிலிருந்து வருவதில்லை, ஸ்டேஷனிலிருந்துதான் வருகிறது. ஏட்டு போன் செய்து, "உன் பேர்ல வாரண்ட் இருக்குப்பா, வந்து பாத்துட்டுப் போ" என்பார். அப்புறம்தான் வக்கீலைத் தேடி ஓடி வருவார்கள். வந்து உட்கார்ந்ததும் கேட்பது பெரும்பாலும் இதைத்தான்: "நானு இல்லாதப்ப எப்படிங்க தீர்ப்பு சொல்லுவாங்க?"

நான் அதிகமும் பெண்கள் தரப்பில் ஆஜராகிறவள். கணவர்கள் தரப்பிலும் அவ்வப்போது வக்காலத்துப் போட்டிருக்கிறேன். எக்ஸ்பார்ட்டி உத்தரவு, அதாவது ஒரு தரப்பு வராமலேயே போடப்படும் உத்தரவு விஷயத்தில் இரண்டு தரப்புமே தப்புக்கணக்குப் போடுகிறார்கள் என்பது என் எண்ணம். போகாமல் இருந்தால் கேஸ் நகராது என்று கணவர் நினைக்கிறார். அவர் வராததே நல்லது, சீக்கிரம் முடிந்துவிடும் என்று மனைவி நினைக்கிறார். கேஸ் நகரத்தான் செய்யும். ஆனால் அது சீக்கிரம் முடிவதும் இல்லை.

அந்தக் கேள்விக்கு வருகிறேன். சட்டம் போட்டிருக்கும் பொது விதி அப்படிக் கேட்கும் கணவருக்குச் சாதகமானதுதான். ஜீவனாம்ச வழக்கில் சாட்சியத்தை எதிர்மனுதாரர் முன்னிலையில் பதிவு செய்ய வேண்டும். அவர் நேரில் வருவதிலிருந்து விலக்குப் பெற்றிருந்தால் அவருடைய வக்கீல் முன்னிலையில். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இது 126ஆம் பிரிவு. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 145. (எல்லோருக்கும் தெரிந்த 125 இப்போது 144 ஆகிவிட்டது. கோர்ட் வராண்டாவில் இன்னும் யாரும் 144 என்று சொல்வதில்லை. சொன்னால் ஊரடங்கு என்று நினைப்பார்கள்.) இந்த விதிக்கு ஒரே ஒரு விலக்கு உண்டு. எதிர்மனுதாரர் வேண்டுமென்றே சம்மனைத் தவிர்க்கிறார், அல்லது வேண்டுமென்றே கோர்ட்டுக்கு வராமல் இருக்கிறார் என்று நீதிபதி திருப்தி அடைந்தால், அவர் இல்லாமலேயே விசாரித்து முடிவு சொல்லலாம். அப்படிப் போட்ட உத்தரவைத் தக்க காரணம் காட்டினால் மூன்று மாதத்துக்குள் ரத்து செய்யலாம் என்றும் அதே பிரிவிலேயே இருக்கிறது. செலவுத்தொகை உட்பட எந்த நிபந்தனையும் விதிக்கும் அதிகாரம் நீதிபதிக்கு உண்டு.

ஆக சண்டை முழுக்க ஒரே இடத்தில்தான். ஆள் தெரியாமல் வரவில்லையா, தெரிந்தே வரவில்லையா? இதற்குப் பதில் கணவர் அழுவதிலோ மனைவி சத்தியம் செய்வதிலோ இல்லை. கேஸ் கட்டுக்குள் இருக்கிறது. அதனால் எந்தப் பக்கத்து ஆளாக இருந்தாலும் முதலில் நகல் மனுப் போட்டு, உத்தரவை மட்டுமில்லாமல் சம்மன், அதன் பின்பக்கம், திரும்பி வந்த தபால் உறை, குறிப்புத்தாள் எல்லாவற்றையும் வாங்குகிறேன். உத்தரவை மட்டும் வாங்கிக்கொண்டு மனு எழுத உட்காரும் ஜூனியர்களைத் திருப்பி அனுப்பியிருக்கிறேன்.

தபால்காரர் உறையில் எழுதும் ஒரு வரியில் வழக்கே திரும்பிவிடும். 'வாங்க மறுத்தார்' என்று இருந்தால் சம்மன் கிடைத்ததாகவே கோர்ட் எடுத்துக்கொள்ளும். சரியான முகவரிக்குப் பதிவுத் தபாலில் போன கடிதம் போய்ச் சேர்ந்தது என்று அனுமானிக்கப் பொது விதிகள் சட்டத்தின் 27ஆம் பிரிவு இருக்கிறது. கையெழுத்துப் போடாமல் திருப்பி அனுப்பியதைச் சாமர்த்தியம் என்று சொல்லிக்கொண்டு வருகிறவர்களைப் பார்க்கும்போது எனக்குப் பாவமாக இருக்கும். 'கதவு பூட்டியிருந்தது' என்பது வேறு கதை. 'வீடு மாறிவிட்டார்' என்று எழுதியிருந்தும் அதே முகவரிக்கு மறுபடி சம்மன் அனுப்பி, மூன்றாவது வாய்தாவில் பெயரைக் கூப்பிட்டு, ஆள் இல்லை என்று எக்ஸ்பார்ட்டி செய்திருந்தால் அந்த உத்தரவுக்கு ஆயுசு கம்மி.

திருச்செங்கோட்டுப் பக்கத்துக் கேஸ் ஒன்றைச் சொல்கிறேன். அடையாளம் தெரியாதபடி சிலவற்றை மாற்றியிருக்கிறேன்.

கணவர் ரிக் வண்டி டிரைவர். திருச்செங்கோட்டு ரிக் வண்டிகள் ஆழ்துளைக் கிணறு போட இந்தியா முழுக்கப் போகும். ஏறினால் ஆறு மாதம், எட்டு மாதம் வீடு திரும்பாதவர்கள் உண்டு. மனைவி பள்ளிபாளையத்தில் அம்மா வீட்டோடு இருந்து தறி ஓட்டுகிறார். ஒரு பையன். 2021இல் மனு போட்டு, பதினான்கு மாதம் கழித்து எக்ஸ்பார்ட்டி உத்தரவு வாங்கினார். மனைவிக்கு 5,000, பையனுக்கு 4,000, மனு போட்ட தேதியிலிருந்து. மேலும் பத்து மாதம் போயும் ஒரு பைசா வரவில்லை. பணத்தை வசூலிக்க மனு போட வேண்டிய கட்டத்தில்தான் அந்தப் பெண் என்னிடம் வந்தார். இருபத்து நான்கு மாதம், மாதம் 9,000. 2,16,000 ரூபாய். மனு போட்டோம், வாரண்ட் ஆனது, சத்தீஸ்கரில் இருந்த மனிதர் ரயிலேறி ஊர் வந்து சேர்ந்தார். வந்தவர் நேராகச் செட் அசைட் மனுவும் (உத்தரவை ரத்து செய்யக் கோரும் மனு), தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் போட்டார்.

பதில் மனு எழுதக் கட்டைப் புரட்டினேன். சம்மனின் பின்பக்கத்தில் நீல மையில் ஒரு கைநாட்டு. கீழே போலீஸ் கையெழுத்தில், 'எதிர்மனுதாரர் ஊரில் இல்லை. தாயாரிடம் சார்பு செய்யப்பட்டது.'

அங்கேதான் சிக்கல். பழைய சட்டத்தின் 64ஆம் பிரிவுப்படி, ஆள் கிடைக்காவிட்டால் அவரோடு குடியிருக்கும் குடும்பத்தின் வயதுவந்த ஆண் ஒருவரிடம்தான் சம்மனைக் கொடுக்கலாம். அம்மாவிடம் கொடுத்தால் செல்லாது. பெண்ணுக்குச் சம்மன் வாங்கக்கூடத் தகுதியில்லை என்று நினைத்த காலத்துச் சட்டம் அது. கடைசியில் அந்த வரியால் நஷ்டப்பட்டது ஜீவனாம்சம் கேட்டு வந்த பெண்கள்தான் என்பதை நினைத்தால் எரிச்சல் வரும். புதிய சட்டத்தில் 66ஆம் பிரிவாக வந்தபோது 'ஆண்' போய்விட்டது, வயதுவந்த உறுப்பினர் யாரும் வாங்கலாம். ஆனால் எங்கள் சம்மன் போனது பழைய காலத்தில். போதாததற்கு, என்னவோ ரேஷன் கார்டு விசாரணை என்று நினைத்துக் கை வைத்தேன் என்று அந்த அம்மா பிரமாணப் பத்திரம் கொடுத்திருந்தார். நம்புகிற மாதிரியும் இருந்தது.

அந்தப் பெண்ணிடம் கேட்டேன். "அவருக்குக் கேஸ் தெரியுமா? போன்ல எப்பவாவது சொன்னீங்களா?"

"தீபாவளிக்குப் பையன்கிட்டப் பேசுவாருங்க்கா. நான் கேஸப் பத்திச் சொல்லல. சொன்னா வந்து சண்டை கட்டுவாருன்னு பயம்."

பயத்தில் நியாயம் இருந்தது. ஆனால் அவருடைய போன் நம்பர் கையில் இருந்தும் அது மனுவில் இல்லை. ரிக் முதலாளியின் ஆபீஸ் திருச்செங்கோட்டிலேயே இருந்தும் அந்த முகவரிக்குச் சம்மன் போகவில்லை. உத்தரவு இரண்டு பக்கம். மனுதாரரின் சாட்சியம் மறுக்கப்படவில்லை, ஆகவே மனு அனுமதிக்கப்படுகிறது என்று முடிந்திருந்தது. அவர் வேண்டுமென்றே தவிர்க்கிறார் என்று எங்கும் ஒரு வரி இல்லை. மாத வருமானம் 60,000 என்று மனுவில் சொன்னதற்குத் துண்டுச்சீட்டுக்கூட ஆதாரமாகத் தாக்கல் ஆகவில்லை.

இந்த நிலையில் என்ன செய்வது? செட் அசைட் மனுவைக் கடைசிவரை எதிர்த்து நிற்கலாம். மூன்று மாதம் எப்போதோ தாண்டிவிட்டது என்பது என் கையில் இருந்த பெரிய ஆயுதம். அந்த மூன்று மாதத்தை உத்தரவுத் தேதியிலிருந்து எண்ணுவதா, தெரியவந்த தேதியிலிருந்து எண்ணுவதா என்பதில் உயர் நீதிமன்றங்கள் ஒரே மாதிரிச் சொல்லவில்லை. சட்டத்தின் வாசகம் உத்தரவுத் தேதி பக்கம் இருக்கிறது, நியாயம் தெரியவந்த தேதி பக்கம் இருக்கிறது. நடைமுறையில் எல்லோரும் தாமத மன்னிப்பு மனு ஒன்றையும் சேர்த்தே போட்டுவிடுவார்கள். போதிய காரணம் இருந்தால் மன்னிக்கவும் செய்வார்கள்.

காரணம் என்றதும் ஒன்று சொல்லியே ஆக வேண்டும். எங்கள் ஊர்க் கோர்ட்டுகளில் தாமத மன்னிப்பு மனு என்றாலே மஞ்சள் காமாலைதான். நாட்டு வைத்தியம் பார்த்தாராம், அதனால் சர்டிபிகேட் கிடையாதாம், படுத்த படுக்கையாக இருந்ததால் வக்கீலைப் பார்க்க முடியவில்லையாம். நீதிபதிகள் இதை ஆயிரம் முறை படித்திருப்பார்கள். உண்மையாகவே மஞ்சள் காமாலை வந்தவனுக்கும் இப்போது நம்பிக்கை கிடைப்பதில்லை. இந்த ரிக் டிரைவரின் வக்கீல் அந்த வழிக்குப் போகவில்லை. ரிக் முதலாளியின் கடிதம், ரயில் டிக்கெட், ராய்ப்பூர் பக்கத்து டீசல் பில்கள், வாரண்ட் பற்றி ஸ்டேஷனிலிருந்து போன் வந்த தேதி, இவ்வளவுதான் வைத்திருந்தார். எதிர்த் தரப்பாக இருந்தாலும் அந்தப் பிரமாணப் பத்திரத்தைப் படித்தபோது மரியாதை வந்தது.

எதிர்த்து நின்று இங்கே ஜெயித்தால் கணவர் சீராய்வுக்கு, அதாவது உத்தரவு சரிதானா என்று பார்க்கச் சொல்லி மேல் கோர்ட்டுக்குப் போவார். மாஜிஸ்திரேட் உத்தரவு என்றால் செஷன்ஸ் கோர்ட், குடும்பநல நீதிமன்ற உத்தரவு என்றால் உயர் நீதிமன்றம், தொண்ணூறு நாள் கெடு. போனதும் இடைக்காலத் தடை கேட்பார். அங்கே அந்தக் கைநாட்டைக் காட்டினால் போதும். இரண்டு வருடம் கழித்து வழக்கு முதல் இடத்துக்கே திரும்பி வரும். அதுவரை பள்ளிக் கட்டணத்தை யார் கட்டுவது?

அந்தப் பெண்ணிடம் இதைச் சொன்னபோது உடனே ஏற்றுக்கொள்ளவில்லை. "ரெண்டு லட்சத்துக்கு மேல ஆச்சேங்க்கா, விட்டுக் கொடுக்கச் சொல்றீங்களா?" என்றார். விட்டுக்கொடுப்பது இல்லை, நிபந்தனையோடு சம்மதிப்பது என்றேன். உத்தரவு ரத்தானால் மனு செத்துவிடாது, உயிரோடுதான் இருக்கும். இடைக்கால ஜீவனாம்சம் கேட்கலாம். ரத்து செய்வதற்கு விலையாக நிலுவையில் ஒரு பகுதியைக் கட்டச் சொல்லலாம். ஒரு வாய்தாவுக்கு வந்தால் அன்றைய ஷிப்டுக் கூலி போச்சு என்று கணக்குப் பார்க்கிறவர் அந்தப் பெண். இரண்டு நாள் யோசித்துவிட்டுச் சரி என்றார்.

கணவர்கள் தரப்பில் நான் ஆஜராகும்போது சொல்வதும் இதேதான். செட் அசைட் மனுவோடு வெறுங்கையாக வராதீர்கள். சம்மன் வரவில்லை என்பது உண்மையாகவே இருக்கட்டும், உங்களுக்கு ஒரு பிள்ளை இருப்பது தெரியாதா? நிலுவையில் மூன்றில் ஒரு பங்குக்காவது டிடி எடுத்துக்கொண்டு வந்து மனுவோடு நின்றால் கோர்ட்டின் முகமே மாறும். கூடவே வருமானம், சொத்து, கடன் எல்லாவற்றையும் சொல்லும் பிரமாணப் பத்திரம். 2020 நவம்பர் 4 அன்று உச்ச நீதிமன்றம் கொடுத்த தீர்ப்புக்குப் பிறகு இரண்டு தரப்பும் இதைத் தாக்கல் செய்தாக வேண்டும். ஜீவனாம்சம் மனு போட்ட தேதியிலிருந்து ஓடும் என்பதும் அதே தீர்ப்புதான். அதனால் எக்ஸ்பார்ட்டி உத்தரவு வெளியே தெரியவரும்போதே லட்சக்கணக்கில் நிலுவை ஏறியிருக்கும்.

வேறு சிலர் நேராகச் சீராய்வுக்கு ஓடுவார்கள். மேல் கோர்ட் என்றால் பெரிது என்ற எண்ணம். சீராய்வில் இருக்கிற கட்டை வைத்துத்தான் பார்ப்பார்கள். அந்தக் கட்டில் உங்கள் சம்பளச் சீட்டு இல்லை, உங்கள் தரப்பே இல்லை. கட்டிலேயே ஓட்டை தெரிந்தால் மட்டும் சீராய்வு சரி. உங்கள் கதையைச் சொல்ல வேண்டுமானால் உத்தரவு போட்ட கோர்ட்டுக்கே போக வேண்டும். தொகை அதிகம் என்பது மட்டும்தான் குறை என்றால், சூழ்நிலை மாறியிருந்தால், தொகையை மாற்றக் கேட்கும் மனு இருக்கிறது. பழைய 127, இப்போது 146. அதற்கு மூன்று மாதக் கெடு கிடையாது.

மனுப் போட்டுவிட்டோம், இனி வாரண்ட் ஓடாது என்று நினைப்பவர்களும் உண்டு. தடை உத்தரவு தனியாக வாங்காவிட்டால் வாரண்ட் ஓடும். சட்டப்படி முதலில் அபராதம் வசூலிப்பதுபோல ஜப்தி வாரண்ட், அதற்குப் பிறகும் பாக்கி இருந்தால் ஒவ்வொரு மாதத் தொகைக்கும் ஒரு மாதம் வரை சிறை. பல இடங்களில் முதல் படியைத் தாண்டி நேராகக் கைது வாரண்ட் போட்டுவிடுகிறார்கள். அப்படிப் போட்டிருந்தால் அதையும் கேள்வி கேட்கலாம். உள்ளே இருந்துவிட்டு வந்தால் கடன் கழிந்தது என்று மட்டும் யாரும் நம்ப வேண்டாம். சிறை என்பது கட்ட வைப்பதற்கான வழிதான், அதனால் பாக்கி தீராது என்று 1980களிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

உத்தரவு எந்தச் சட்டத்தில் வந்தது என்று பார்க்காமல் மனு எழுதினால் எல்லாம் வீண். இந்து திருமணச் சட்டத்தில் ஜீவனாம்சம் என்றால் சிவில் நடைமுறை, செட் அசைட் மனுவுக்கு முப்பது நாள். சம்மன் முறையாகச் சேராதிருந்தால் அந்த முப்பது நாள் தெரியவந்த தேதியிலிருந்து தொடங்கும் என்று அங்கே தெளிவாகவே எழுதியிருக்கிறது. குடும்ப வன்முறைச் சட்டம் என்றால் செஷன்ஸ் கோர்ட்டில் முப்பது நாளுக்குள் மேல்முறையீடு. பிள்ளைகளிடம் ஜீவனாம்சம் கேட்டுப் பெற்றோர் ஆர்டிஓவிடம் (வருவாய்க் கோட்டாட்சியர்) போட்ட மனு இன்னும் வித்தியாசமானது. 2007ஆம் வருடச் சட்டப்படி அங்கேயும் பிள்ளை வராவிட்டால் எக்ஸ்பார்ட்டி செய்யலாம். ஆனால் அறுபது நாளுக்குள் கலெக்டரிடம் மேல்முறையீடு செய்யும் உரிமையைச் சட்டத்தின் வாசகம் பெற்றோருக்கும் மூத்த குடிமக்களுக்கும்தான் கொடுக்கிறது. பிள்ளைகள் பலர் ரிட் மனுவோடு உயர் நீதிமன்றத்துக்குப் போகிறார்கள். அதைப் பற்றித் தனியாகவே எழுத வேண்டும்.

ரிக் டிரைவர் கேஸில் கோர்ட் ஒரு லட்சம் கட்டச் சொல்லி, ஒரு மாதம் அவகாசம் கொடுத்து உத்தரவை ரத்து செய்தது. இடைக்காலமாக மாதம் 6,000. பணம் கட்டினார். எங்கள் வேண்டுகோளின்படி அவருடைய போன் நம்பர், ரிக் முதலாளியின் முகவரி, ஊரில் சம்மன் வாங்க அவருடைய தம்பி பெயர் மூன்றும் பதிவாயின. இனிமேல் எனக்குத் தெரியாது என்ற பேச்சே எழக்கூடாது என்பதற்குத்தான். மனுவை முதல் முறை போடும்போதே இதெல்லாம் எழுதியிருந்தால் இரண்டு வருடம் மிச்சமாகியிருக்கும். இப்போது மனைவி தரப்பில் யார் வந்தாலும், கணவர் வேலை செய்யும் இடம், போன் நம்பர், தெரிந்த எல்லா முகவரிகளையும் கேட்டு வாங்கி மனுவில் சேர்க்கிறேன். "அவருக்குத் தெரிஞ்சா வந்துடுவாரே" என்பார்கள். வரட்டும். வந்தவரோடு நடந்த வழக்கில் வாங்கும் உத்தரவுதான் நிற்கும்.

விசாரணையில் அவர் தன் சம்பளம் 12,000 என்றார். பேங்க் ஸ்டேட்மென்டைக் காட்டச் சொன்னோம். சம்பளம் போக பேட்டா தனியாக ஜிபேயில் வந்துகொண்டிருந்தது, மழையில்லாத மாதங்களில் சம்பளத்துக்கு மேலேயே. அவர் பக்கத்திலும் ஒன்று இருந்தது: படுக்கையில் இருக்கும் அப்பாவின் மருந்துச் செலவு, ரசீதோடு. எக்ஸ்பார்ட்டி உத்தரவில் இந்த இரண்டுமே இல்லை. கடைசியில் மனு போட்ட தேதியிலிருந்து மாதம் 8,000 என்று முடிந்தது. முதல் உத்தரவைவிட 1,000 குறைவு. அவர் சீராய்வுக்குப் போகவில்லை.

இப்போது பணம் அவருடைய கணக்கிலிருந்து வருகிறது. மழைக்காலத்தில் ரிக் ஓடாது, அந்த மாதங்களில் பாக்கி விழுகிறது. இந்த முறையும் ஒரு மாதப் பாக்கி நிற்கிறது, உடனே மனு போடலாமா என்று போன வாரம் அந்தப் பெண் கேட்டார். தை வரைக்கும் பார்க்கலாம், பாக்கி விழுந்த தேதியிலிருந்து ஒரு வருடத்துக்குள் போட்டால் போதும் என்று சொல்லி, அந்தத் தேதியை என் டைரியில் குறித்து வைத்திருக்கிறேன்.